உங்கள் கேம் எந்த வீட்டில் குடியிருக்கிறது?

குட்டீஸ், உங்கள் வீட்டுக் கம்ப்யூட்டரில் நீங்கள் விளையாடும் கேம் எங்கே இருக்கிறது என்று யாராவது கேட்டால் என்ன சொல்வீர்கள்? "இதோ, டெஸ்க்டாப்பில்தான் இருக்கிறது!" என்று திரையில் உள்ள குட்டிப் படத்தைக் காட்டுவீர்கள். அதை இரண்டு தடவை தட்டினால் கேம் ஓடுகிறது. அப்புறம் என்ன சந்தேகம்?

அந்தக் குட்டிப் படத்தின் கீழ் மூலையைக் கொஞ்சம் உற்றுப் பாருங்கள். வளைந்த அம்புக்குறி ஒன்று தெரிகிறதா? 'நான் கேம் இல்லை. கேம் இருக்கிற இடத்துக்கு வழி காட்டுகிறவன்' என்று அது சொல்கிறது. இதற்கு ஷார்ட்கட் என்று பெயர். பெரும்பாலும் ஒன்றிரண்டு கிலோபைட்தான் இருக்கும். தெருமுனையில் 'தபால் நிலையம் செல்லும் வழி' என்று ஒரு போர்டு வைத்திருப்பார்கள் அல்லவா? அந்தப் போர்டைப் பிடுங்கி எறிந்துவிட்டால் தபால் நிலையம் காணாமல் போய்விடுமா?

பல வீடுகளில் இதுதான் நடக்கிறது. "கம்ப்யூட்டரில் இடமே இல்லை, அந்த கேமை அழி" என்று அப்பா சொல்வார். பையன் டெஸ்க்டாப்பில் இருக்கும் படத்தை அழித்துவிட்டு நல்ல பிள்ளையாக எழுந்து போவான். ஒரு ஜி.பி. இடம்கூடக் காலியாகி இருக்காது. இதனால் பெரிய நஷ்டம் ஒன்றும் இல்லை. ஆனால் இதற்கு நேர்மாறாக, எது எங்கே இருக்கிறது என்று தெரியாமல் உண்மையான ஃபோல்டரில் கை வைத்தால், கோடை விடுமுறை முழுக்க உட்கார்ந்து கட்டிய கோட்டை, கொத்தளம் எல்லாம் ஒரு நொடியில் போய்விடும். அதனால் இந்த வாரம் கேம்களின் விலாசத்தைத் தேடிப் போவோமா?

ஒளிந்திருந்த சீட்டுக்கட்டு

முதலில் ஒரு பழைய கதை. உங்கள் அண்ணன், சித்தப்பாவிடம் கேட்டுப் பாருங்கள். விண்டோஸ் எக்ஸ்.பி. இருந்த காலத்தில் கம்ப்யூட்டர் வாங்கினாலே சில கேம்களும் கூடவே இலவசமாக வந்துவிடும். சீட்டு அடுக்கும் சாலிட்டேர், கண்ணிவெடி தேடும் மைன்ஸ்வீப்பர், பந்து துள்ளும் பின்பால்... யாரும் அவற்றை இன்ஸ்டால் செய்தது இல்லை. அப்படியானால் அவை எங்கே இருந்தன?

சாலிட்டேரும் மைன்ஸ்வீப்பரும் 'சிஸ்டம்32' என்ற ஃபோல்டருக்குள் இருந்தன. விண்டோஸின் இதயம், நுரையீரல், சிறுநீரகம் எல்லாம் இருக்கும் இடம் அது. அந்த ஆயிரக்கணக்கான ஃபைல்களுக்கு நடுவே சமர்த்தாக ஒரு சீட்டுக்கட்டும் உட்கார்ந்திருந்தது! பின்பால் மட்டும் தனிக்குடித்தனம். 'புரோகிராம் ஃபைல்ஸ்' ஃபோல்டரில் 'விண்டோஸ் என்.டி.' என்ற பெயருக்குக் கீழே இருந்தது. பிறகு வந்த விண்டோஸ் 7-ல் சாலிட்டேருக்கும் மைன்ஸ்வீப்பருக்கும் 'மைக்ரோசாஃப்ட் கேம்ஸ்' என்று சொந்த வீடே கட்டிக் கொடுத்தார்கள். 2012-ல் விண்டோஸ் 8 வந்தபோது அந்த வீட்டையும் இடித்துவிட்டார்கள். விண்டோஸ் 8-ல் சாலிட்டேர் வேண்டும் என்றால் மைக்ரோசாஃப்ட் ஸ்டோர் வழியாகத்தான் என்று ஆகிவிட்டது.

விண்டோஸில் சாலிட்டேர் முதன்முதலாக வந்தது 1990-ல். அதை எழுதியவர் வெஸ் செர்ரி. அப்போது அவர் மைக்ரோசாஃப்டில் பயிற்சிக்கு வந்த மாணவர்!

விலாசம் கண்டுபிடிப்பது எப்படி?

டெஸ்க்டாப்பில் உள்ள ஷார்ட்கட் மீது மவுஸின் வலது பொத்தானை அழுத்துங்கள். நீளமாக ஒரு பட்டியல் விரியும். அதில் 'ஓப்பன் ஃபைல் லொகேஷன்' என்று இருக்கும். அதைத் தட்டினால் போதும், கேம் குடியிருக்கும் ஃபோல்டர் திறந்துகொள்ளும். ஸ்டார்ட் மெனுவில் இருக்கும் பெயரை வைத்தும் இப்படித் தேடலாம். ஆனால் அது உங்களை இன்னொரு ஷார்ட்கட்டிடம் கொண்டுபோய் நிறுத்தும். கோபப்படாமல் அந்த ஷார்ட்கட் மீதும் ஒரு முறை வலது க்ளிக் செய்து அதையே தட்டுங்கள். இப்போது சரியான வீடு வந்துவிடும்.

இதற்கும் மசியாத கேம்கள் உண்டு. அதற்கு ஒரு துப்பறியும் வழி இருக்கிறது. கேமை ஓட விடுங்கள். ஓடிக்கொண்டிருக்கும்போதே கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்று பொத்தான்களையும் சேர்த்து அழுத்துங்கள். 'டாஸ்க் மேனேஜர்' வரும். அந்த நிமிடத்தில் கம்ப்யூட்டரில் என்னென்ன வேலைகள் நடக்கின்றன என்று காட்டும் பட்டியல் அது. அதில் உங்கள் கேமின் பெயரைப் பிடித்து வலது க்ளிக் செய்தால் 'ஓப்பன் ஃபைல் லொகேஷன்' அங்கேயும் இருக்கும். திருடனைக் கையும் களவுமாகப் பிடிப்பது மாதிரிதான். அந்தப் பட்டியலில் வேறு எதையும் நிறுத்திவிடாதீர்கள், சரியா?

ஸ்டீம் போன்ற கடைகள் வழியாக வாங்கிய கேம் என்றால் வழி வேறு. ஸ்டீம் 2003-ல் தொடங்கியது. கேம் விற்பது, இறக்குவது, புதுப்பிப்பது எல்லாவற்றையும் அதுவே பார்த்துக்கொள்ளும். (13 வயது ஆகாதவர்கள் அதில் கணக்குத் தொடங்க முடியாது.) ஸ்டீமில் 'லைப்ரரி' பகுதிக்குப் போய், கேமின் பெயர் மீது வலது க்ளிக் செய்து, 'மேனேஜ்', அதற்குள் 'பிரவுஸ் லோக்கல் ஃபைல்ஸ்' என்று போக வேண்டும். நாம் எதையும் மாற்றாமல் விட்டிருந்தால் அது 'ஸ்டீம்ஆப்ஸ்' என்ற ஃபோல்டரில், 'காமன்' என்ற உள் ஃபோல்டரில் கொண்டுபோய் விடும். ஒவ்வொரு கேமுக்கும் அங்கே ஒரு அறை. ஹாஸ்டல் மாதிரி!

விலாசத்தைப் பார்க்கும்போது ஒன்றைக் கவனிப்பீர்கள். பல கேம்கள் 'புரோகிராம் ஃபைல்ஸ்' ஃபோல்டரில் இருக்கும். வேறு சில 'புரோகிராம் ஃபைல்ஸ் எக்ஸ்86' என்பதில் இருக்கும். என்ன குழப்பம் இது? இன்டெல் நிறுவனம் 1978-ல் 8086 என்று ஒரு சிப் செய்தது. அந்தக் குடும்பத்தில் அடுத்தடுத்து வந்த சிப்களின் எண்களும் 86 என்றே முடிந்ததால், குடும்பத்துக்கே எக்ஸ்86 என்று பெயர் விழுந்துவிட்டது. இன்றைய 64 பிட் விண்டோஸில், பழைய 32 பிட் முறையில் எழுதிய புரோகிராம்களுக்கு அந்தப் பெயரில் தனி ஃபோல்டர். அவ்வளவுதான் விஷயம்.

ஏ-யும் பி-யும் எங்கே போயின?

இரண்டு ஃபோல்டர்களுமே சி டிரைவில்தான் இருக்கும். அது ஏன் சி-யில் ஆரம்பிக்கிறது? ஏ, பி என்ன ஆயின? 1981-ல் ஐ.பி.எம். பி.சி. வந்தபோது அதில் ஹார்ட் டிஸ்க் கிடையாது. ஃபிளாப்பி என்ற மெல்லிய தகட்டைச் செருகும் துளைகள்தான் இருந்தன. அவற்றுக்கு ஏ, பி என்று பெயர் வைத்தார்கள். 1983-ல் ஹார்ட் டிஸ்க்கோடு வந்த அடுத்த மாடலில் அதற்கு மிச்சம் இருந்த எழுத்து சி. ஃபிளாப்பிகள் மறைந்தும் அந்த இரண்டு நாற்காலிகள் இன்னும் காலியாகவே கிடக்கின்றன!

அந்த 1983-ம் வருட ஹார்ட் டிஸ்க்கில் எவ்வளவு இடம் தெரியுமா? 10 எம்.பி. சிரிக்காதீர்கள். 1985-ல் வந்த 'சூப்பர் மரியோ பிரதர்ஸ்' கேம் முழுவதுமே 40 கிலோபைட்தான். மரியோ, காளான், கோட்டை, பாட்டு எல்லாம் அதற்குள் அடக்கம். 2020-ல் வந்த மைக்ரோசாஃப்ட் ஃபிளைட் சிமுலேட்டர் கேமுக்கோ 150 ஜி.பி. இடம் வேண்டும் என்றார்கள். ஐரோப்பாவில் அதை டி.வி.டி.யிலும் விற்றார்கள். ஒன்றல்ல, பத்து டி.வி.டி.கள்!

இப்போது உங்கள் கம்ப்யூட்டருக்கு வருவோம். பல லேப்டாப்களில் சி டிரைவ் 256 ஜி.பி. எஸ்.எஸ்.டி.யாக இருக்கும். விண்டோஸ் அதை 238 ஜி.பி. என்றுதான் காட்டும். கடைக்காரர் ஏமாற்றவில்லை, தயாரிப்பவர்கள் ஆயிரம் ஆயிரமாக எண்ணுகிறார்கள், விண்டோஸ் 1024, 1024 ஆக எண்ணுகிறது. அந்த 238-ல் விண்டோஸுக்கு ஒரு பங்கு, அக்காவின் கல்லூரி வேலைக்கு ஒரு பங்கு, குடும்பப் புகைப்படங்களுக்கு ஒரு பங்கு. அதில் நீங்கள் 150 ஜி.பி. கேமைக் கொண்டுபோய் வைத்தால்? கம்ப்யூட்டர் மூச்சுத் திணறும். விண்டோஸ் தன்னைப் புதுப்பித்துக்கொள்ளக்கூட இடம் இருக்காது.

ஆனாலும் கேம்கள் எல்லாம் சி-யிலேயே போய் உட்காருகின்றனவே, ஏன்? இன்ஸ்டால் செய்யும்போது நாம் படிக்காமல் 'நெக்ஸ்ட், நெக்ஸ்ட், நெக்ஸ்ட்' என்று தட்டிக்கொண்டே போவதால்தான்! அந்த நெக்ஸ்ட்களில் ஏதோ ஒன்றில் 'எந்த இடத்தில் வைக்கட்டும்?' என்று அது மரியாதையாகக் கேட்டிருக்கும். பக்கத்தில் 'பிரவுஸ்' என்ற பொத்தானும் இருக்கும். உங்கள் கம்ப்யூட்டரில் டி டிரைவ் இருந்தால், அதில் 'கேம்ஸ்' என்று ஒரு ஃபோல்டர் உருவாக்கி, இனி வரும் கேம்களை அங்கே அனுப்புங்கள். டி டிரைவ் பழைய வகை ஹார்ட் டிஸ்க்காக இருந்தால், கேம் திறக்கக் கொஞ்சம் நேரம் எடுக்கும். அதற்குள் ஒரு வாய் தண்ணீர் குடித்துவிட்டு வரலாம்.

கட்டில், பீரோவோடு வீடு மாறுதல்

"ஏற்கெனவே சி-யில் இருக்கிறதே, அதை அப்படியே கட் செய்து டி-யில் பேஸ்ட் செய்துவிட்டால்?" என்று கேட்கிறீர்களா? இந்த யோசனை எல்லோருக்கும் வரும். செய்துவிடாதீர்கள்.

கிராம நிர்வாக அலுவலரிடம் ஊரில் உள்ள நிலங்களுக்கெல்லாம் பதிவேடு இருப்பதுபோல, விண்டோஸிடமும் 'ரெஜிஸ்ட்ரி' என்று ஒரு பெரிய பதிவேடு இருக்கிறது. கேமை இன்ஸ்டால் செய்யும்போது, இந்த கேம் இந்த இடத்தில் இருக்கிறது என்று அதில் எழுதிக்கொள்ளும். நீங்கள் சொல்லாமல் கொள்ளாமல் ஃபோல்டரைத் தூக்கிக்கொண்டு போனால் பதிவேட்டில் பழைய விலாசமே இருக்கும். ஷார்ட்கட் காலி மனையைக் காட்டும். நீக்கலாம் என்றாலும் நீக்க வராது.

முறையாக மாற்ற வழி இருக்கிறது. ஸ்டீமில் கேமின் பெயர் மீது வலது க்ளிக், 'ப்ராப்பர்ட்டீஸ்', 'இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்', அதில் 'மூவ் இன்ஸ்டால் ஃபோல்டர்'. பெட்டி படுக்கையோடு அதுவே குடித்தனம் மாற்றிவிடும். மைக்ரோசாஃப்ட் ஸ்டோரிலிருந்து வந்தவற்றில் பலவற்றுக்கு விண்டோஸ் செட்டிங்ஸிலேயே 'மூவ்' இருக்கிறது. சி.டி.யிலிருந்து போட்ட பழைய கேம் என்றால், முறையாக நீக்கிவிட்டு டி-யில் மறுபடி இன்ஸ்டால் செய்வதே நல்லது. ஆனால் நீக்குவதற்கு முன்னால் அடுத்த பகுதியைப் படித்துவிடுங்கள். இந்தக் கட்டுரையில் முக்கியமான பகுதி அதுதான்!

உங்கள் உழைப்பு வேறு இடத்தில்!

கேம் என்பது கடையில் வாங்கிய பொருள். தொலைந்தாலும் மறுபடி இறக்கிக்கொள்ளலாம். ஆனால் நீங்கள் 17-வது லெவல் வரை போனது, சேர்த்த நாணயங்கள், கட்டிய ஊர்... இவையெல்லாம் உலகத்தில் ஒரே ஒரு பிரதிதான். அதை 'சேவ்' என்கிறோம். அது எங்கே இருக்கிறது?

பழைய காலத்தில் டி.வி.யில் மாட்டி விளையாடும் கேம் கேசட்டுகள் பலவற்றில் சேவ் என்பதே கிடையாது. கரண்ட் போனால் முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டியதுதான். 1987-ல் அமெரிக்காவில் வெளிவந்த 'தி லெஜண்ட் ஆஃப் ஸெல்டா' கேசட்டுக்குள் ஒரு குட்டி பேட்டரியையே வைத்து அனுப்பினார்கள். நீங்கள் விளையாடியதை மறக்காமல் வைத்திருக்கத்தான் அந்த பேட்டரி.

கம்ப்யூட்டரில் அந்தக் கவலை இல்லை. விண்டோஸ் எக்ஸ்.பி. காலத்து கேம்கள் பல, சேவை கேம் ஃபோல்டரிலேயே எழுதி வைத்தன. 2007-ல் கடைகளுக்கு வந்த விண்டோஸ் விஸ்டா இதற்குத் தடை போட்டது. புரோகிராம் ஃபைல்ஸில் கண்டவர்களும் எழுதினால் வைரஸுக்கு வசதியாகப் போய்விடும் அல்லவா? அப்படியானால் பழைய கேம்கள் என்ன செய்யும், பாவம்! விண்டோஸ் ஒரு தந்திரம் செய்தது. அவை எழுதுவதைச் சத்தமில்லாமல் 'விர்ச்சுவல்ஸ்டோர்' என்ற வேறு ஃபோல்டருக்குத் திருப்பிவிட்டது. தன் வீட்டில்தான் எழுதுகிறோம் என்று அந்த கேம் நினைத்துக்கொண்டிருக்கும். உண்மையில் எழுதியதெல்லாம் அடுத்த தெருவில்! பழைய கேமின் சேவ் எங்கே என்று தலையைப் பிய்த்துக்கொண்டவர்கள் பலர்.

புதிய கேம்கள் பெரும்பாலும் மூன்று, நான்கு இடங்களில் சேவை வைக்கும். 'டாக்குமென்ட்ஸ்' ஃபோல்டரில் 'மை கேம்ஸ்' என்று ஒன்று இருக்கலாம். உங்கள் பெயருள்ள ஃபோல்டரில் 'சேவ்டு கேம்ஸ்' இருக்கும். இன்னும் பல, 'ஆப்டேட்டா' என்ற ஃபோல்டரில் ஒளிந்திருக்கும். ஒளிந்திருக்கும் என்று சும்மா சொல்லவில்லை. விண்டோஸ் அதை நம் கண்ணுக்குத் தெரியாமல்தான் வைத்திருக்கிறது. பார்க்க வேண்டுமா? கீபோர்டில் விண்டோஸ் பொத்தானையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்துங்கள். வரும் சின்னப் பெட்டியில் ஒரு சதவீதக் குறி, அடுத்து ஆங்கிலத்தில் ஏ, பி, பி, டி, ஏ, டி, ஏ என்ற ஏழு எழுத்துகள், கடைசியில் இன்னொரு சதவீதக் குறி; நடுவில் இடைவெளி வேண்டாம். என்டரைத் தட்டுங்கள். திறந்துவிட்டதா?

மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பு விளையாடுகிறவர்களுக்கு அங்கே ஒரு புதையல் காத்திருக்கிறது. மைன்கிராஃப்ட் என்ற பெயருக்கு முன்னால் ஒரு புள்ளி வைத்த ஃபோல்டர். அதற்குள் 'சேவ்ஸ்'. அதற்குள் நீங்கள் உருவாக்கிய ஒவ்வோர் உலகத்துக்கும் ஒரு ஃபோல்டர், நீங்கள் வைத்த பெயரோடு! அந்த 'சேவ்ஸ்' ஃபோல்டரை அப்படியே பென் டிரைவில் காப்பி செய்து வைத்துக்கொண்டால் போதும். கேமை மூடிவிட்டுக் காப்பி செய்யுங்கள். பெட்ராக் பதிப்பு விளையாடுகிறவர்கள் கவலைப்பட வேண்டாம். கேமுக்குள்ளேயே உலகத்தை 'எக்ஸ்போர்ட்' செய்யும் வசதி இருக்கிறது.

ஏன் இதை இவ்வளவு வற்புறுத்துகிறோம் என்றால், ஆபத்து வருகிற விதம் அப்படி. கம்ப்யூட்டர் மெதுவாகிவிட்டது என்று சர்வீஸ் கடைக்குப் போகும். "ஃபார்மேட் செய்ய வேண்டும், தேவையானதை எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்" என்பார்கள். அம்மா புகைப்படங்களை எடுத்து வைப்பார். அப்பா அலுவலக ஃபைல்களை எடுத்து வைப்பார். கண்ணுக்கே தெரியாத ஆப்டேட்டா யாருக்கு நினைவு வரும்? சி டிரைவைத் துடைத்ததும் அதுவும் சேர்ந்து போய்விடும். இன்னொரு ஆபத்து, கேம் தகராறு செய்யும்போது "மைன்கிராஃப்ட் ஃபோல்டரையே அழித்துவிட்டு மறுபடி போடு" என்று யாராவது யோசனை சொல்வது. அழித்துவிட்டு மறுபடி போட்டால் கேம் வரும், உலகம் வராது.

எல்லா கேமுக்கும் இந்தப் பயம் இல்லை. ரோப்லாக்ஸ் மாதிரியானவை உங்கள் கணக்கு விவரங்களை அந்த நிறுவனத்தின் கம்ப்யூட்டர்களிலேயே வைத்திருக்கின்றன. உங்கள் வீட்டில் நீக்கினாலும் கணக்கு அப்படியே இருக்கும். ஸ்டீமிலும் பல கேம்களின் சேவ் இணையத்தில் ஒரு பிரதியாகப் போய்விடும். 'பல' என்றுதான் சொன்னோம், 'எல்லா' என்று சொல்லவில்லை. கேமின் பக்கத்தில் 'கிளவுட்' என்ற அடையாளம் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

சேவைப் பத்திரப்படுத்தியாகிவிட்டதா? இப்போது நீக்கலாம். விண்டோஸ் 11-ல் செட்டிங்ஸ், 'ஆப்ஸ்', 'இன்ஸ்டால்டு ஆப்ஸ்' என்று போங்கள். பட்டியலை அளவு வாரியாக அடுக்கச் சொன்னால் இடத்தை அதிகம் விழுங்குவது யார் என்று தெரிந்துவிடும். வேண்டாத கேமை அங்கிருந்தே 'அன்இன்ஸ்டால்' செய்யுங்கள். புரோகிராம் ஃபைல்ஸில் நுழைந்து கையால் அழிக்கக் கூடாது. சிஸ்டம்32 பக்கம் தலைவைத்தும் படுக்காதீர்கள். அங்கே இப்போது சீட்டுக்கட்டும் இல்லை!

அலமாரியில் கிடைத்த இளவரசன்

சொந்தமாகச் செய்ததை எங்கே வைத்தோம் என்று தெரியாமல் போவது நமக்கு மட்டும் நடப்பதில்லை. 'பிரின்ஸ் ஆஃப் பெர்ஷியா' என்ற கேம் 1989-ல் வந்தது. அமெரிக்காவின் ஜோர்டன் மெக்னர் ஆப்பிள் 2 கம்ப்யூட்டரில் அதை உருவாக்கினார். இளவரசன் ஓடுவதும் தாவுவதும் நிஜ மனிதன் மாதிரியே இருக்கும். இருக்காதா பின்னே? தன் தம்பி டேவிட்டை ஓட விட்டு, குதிக்க விட்டு, வீடியோ எடுத்து, அதைப் பார்த்துத்தான் வரைந்தார். இசையமைத்தவர் அவருடைய அப்பா பிரான்சிஸ் மெக்னர்.

உலகம் முழுக்க அந்த கேமை விளையாடினார்கள். ஆனால் அதை உருவாக்க மெக்னர் வரிவரியாக எழுதிய மூல நிரல் எங்கே போனது என்று அவருக்கே தெரியவில்லை. பல வருடங்கள் தேடினார். 2012-ல் அப்பா தன் வீட்டு அலமாரியைச் சுத்தம் செய்தபோது பின்னால் ஒரு பெட்டி கிடைத்தது. உள்ளே பழைய ஃபிளாப்பிகள்! அவற்றில் அந்த நிரல் இருந்தது.

கிடைத்துவிட்டது என்று துள்ளிக் குதிக்க முடியவில்லை. ஃபிளாப்பியில் உள்ள காந்தப் பூச்சு வருடங்கள் போகப் போக வலுவிழந்துவிடும். இருபது வருடத்துக்கும் மேலாகக் கிடந்தவை அவை. பழைய கம்ப்யூட்டர்களில் கைதேர்ந்தவர்கள், அந்தக் காலத்துக் கருவிகளைத் தேடி எடுத்துக்கொண்டு வந்தார்கள். பயந்து பயந்து ஒவ்வொன்றாகப் படித்துப் பார்த்தார்கள். நிரல் பத்திரமாக இருந்தது. அந்த ஏப்ரல் மாதத்திலேயே மெக்னர் அதை யார் வேண்டுமானாலும் பார்க்கும்படி இணையத்தில் போட்டுவிட்டார்.